அளவுச் சக்கரம்

ஆடாதீங்க தம்பி, ஊசி குத்திடும். சட்டையக் கழட்டவே வேணாம், போட்டபடியே தச்சுடுவேன், எத்தன பேருக்குத் தச்சிருக்கேன்... ம், எங்க விட்டேன்? ஆங், லூசு. லூசுதான் தம்பி எங்க குடும்பத்தப் போட்டு ஆட்டி வைக்குது. எங்க வீட்டுக்காரரச் சொல்லல, அவரு வாங்கிட்டு வந்த ரிம்மச் சொல்றேன். டயருக்குள்ள வட்டமா இரும்பு இருக்குமே, அது. உங்களுக்குத் தெரியாததா... நீங்களும் அதே வண்டிதான வச்சிருக்கீங்க.

கையத் தூக்காதீங்க. மணியா? மணி கெடக்குது. பட்டன் இல்லாம நெஞ்சத் தெறந்து போட்டுக்கிட்டு நீங்க ஆபீசுக்குப் போனா உங்களையா சொல்லுவாங்க? கீழ்வீட்டுலயே தையக்காரங்கள வச்சுக்கிட்டு இந்தக் கோலமான்னு எங்களத்தான் சொல்லுவாங்க. மாடிலேர்ந்து எறங்குனா எங்க தையல் ரூம்பத் தாண்டித்தான போயாகணும், எனக்குக் கண்ணுல பட்டுடுச்சு. தொங்கிக்கிட்டிருந்துது, தொட்டேன், கையோட வந்துடுச்சு. சரி, லேசா இழுத்தேன்னே வச்சுக்குங்களேன்.

இன்னைக்குன்னு பாத்து ஆபீசுக்குக் கெளம்பி நிக்கிறீங்களே, அதுதான் எனக்குப் புரியல. இன்னைக்கெல்லாம் வீட்டுலேர்ந்தே வேலைன்னு நீங்கதான சொன்னீங்க? தண்ணி மோட்டர் போட வந்தப்ப, இதே எடத்துல நின்னு சொன்னீங்க. அத நம்பித்தான்... ஒண்ணுமில்ல. ஒண்ணுமில்ல, நீங்க நேரா நில்லுங்க.

இன்னைக்கு எனக்கு எவ்ளோ பெரிய நாளு தெரியுமா? எங்க மாமியார ஆஸ்பத்திரிலேர்ந்து அனுப்புறாங்க. இடுப்பு எலும்புல ஆபரேஷன். குளிக்கிற ரூம்புல வழுக்கி விழுந்துட்டாங்க, நீங்க குடிவர்றதுக்குக் கொஞ்சம் முன்னாடி. அதான் நீங்க அவங்களப் பாத்ததில்ல, இந்த வீட்டையும் இவ்ளோ அமைதியாப் பாத்துட்டீங்க. டாக்டர் கண்டிச்சு சொல்லிட்டாரு, குலுங்கக்கூடாது, அதிரக்கூடாதுன்னு. எங்க வண்டியோ, கொஞ்சம் வேகம் புடிச்சா ஸ்டீரிங்கு காச்சக்காரன் கை மாதிரி நடுங்குது. இந்தச் சேதி எப்படியோ என் ஓர்ப்படி காதுக்குப் போயிடுச்சு. கொழுந்தனாரு பொண்டாட்டி. படகு கணக்கா புதுசா ஒரு வண்டி வாங்கி வச்சிருக்கா. ஃபோன் பண்றா. "அத்தைய நாங்களே கூட்டிட்டுப் போயிடறோங்க்கா, உங்க வண்டி பாவம்"னு. பாவமாம். வண்டிய யாராவது பாவம்னு சொல்லுவாங்களா? என்னத்தான் சொல்றா.

மாமியாரும் சும்மா இல்ல. ஆஸ்பத்திரிக் கட்டில்ல படுத்துக்கிட்டே தீர்ப்பு சொல்லிட்டாங்க. சின்னவன் மொதல்ல பெரியவன் வண்டில ஏறி பெரிய ரோட்டுல ஒரு சுத்து வரணுமாம். அவன் ஆடலன்னு சொன்னா இந்த வீடு, ஆடுதுன்னு சொன்னா அந்த வீடு. கொழுந்தனாரு தங்கமானவருதான் தம்பி, ஆனா பொய் மட்டும் சொல்ல வராது. எங்க கஷ்டம் அது.

வாடகை வண்டி வைக்கலாமேன்னு பாக்கறீங்க. உங்க புருவத்துலயே தெரியுது. நானும் சொன்னேன். அத்த மொறச்சாங்க பாருங்க ஒரு மொற. அந்தப் பழைய வண்டி அவங்க மெஷின மிதிச்சு மிதிச்சு வாங்குனது. அதுல ஏறுவாங்க, இல்ல பெத்த புள்ள வண்டில ஏறுவாங்க. ஊரான் வண்டில ஏற மாட்டாங்களாம்.

போகட்டுமேன்னு இருக்கலாம்ல நானு? இருக்கலாம். நீங்க நெனைக்கிறது சரிதான். காலைல எழுந்ததுலேர்ந்து எனக்கும் அவங்களுக்கும் வாய்ச்சண்டதான். பட்டனுக்கு நான் எடுக்குற காஜா கோணல்ம்பாங்க, அவங்க வைக்கிற ஊக்கு தூங்குதும்பேன். ஆனா தம்பி... அவங்க போனதுலேர்ந்து நான் பேசுனா திருப்பிப் பேச இந்த வீட்டுல ஆளில்ல. இவரா? இவரு எப்பப் பாத்தாலும் வாயில நூலு, இல்லன்னா சாக்பீசு. ஒரு நாளு நானே கோணலா ஒரு காஜா எடுத்து அவங்க மெஷின் மேல வச்சுட்டு, யாரும் திட்டலையேன்னு அழுதுட்டேன். அங்க போனா லிஃப்டு இருக்கு, தனி ரூம்பு இருக்கு. ஒரு தடவ அந்தச் சுகத்தப் பாத்துட்டாங்கன்னா இங்க திரும்புவாங்களா? எனக்கு அவங்க வேணும். சண்ட போடறதுக்காவது வேணும்.

இந்தாங்க, அந்தக் கை மணிக்கட்டக் காட்டுங்க. இந்தப் பட்டனும் லூசாத்தான் இருக்கு. வேலையோட வேலையா முடிச்சுடறேன். ஃபோன் அடிச்சா அடிக்கட்டும்.

ரிம்முக்கு வர்றேன். பழைய ரிம்மு துரு ஏறி, பள்ளத்துல விழுந்து விழுந்து ஓரமெல்லாம் நெளிஞ்சு போச்சு. சாயங்காலம் காத்தடிச்சா காலைல சப்பையா நிக்கும். சரி, மாத்தலாம்னு முடிவு பண்ணுனோம். ஊருல நாலு பேரு எப்படி மாத்துவாங்க? டயர் கடைக்காரரக் கூட்டிட்டுப் போய் மாத்துவாங்க. இவரு என்ன பண்ணுனாரு தெரியுமா? கழுத்துல தொங்குற இஞ்சு டேப்போட பழைய வண்டிச் சாமான் விக்கிற எடத்துக்குப் போயிட்டாரு. "ஒலகத்துல எந்த ஒடம்ப வேணா அளந்துருக்கேன், ஒரு சக்கரம் பெரிய விஷயமா"ன்னு கேட்டாரு. என் தப்பு, அன்னைக்கே டேப்பப் புடுங்கி வச்சிருக்கணும்.

மொத செட்டு. பளபளன்னு, மொகம் பாத்துத் தல சீவலாம். நம்ம வண்டிக்கு நட்டு மாட்டுற ஓட்ட நாலு, அதுலயும் நாலு. எண்ணிப் பாத்தாரு, சரியா இருந்துச்சு. ஓட்டைக்கும் ஓட்டைக்கும் எடவெளியும் அளந்தாரு. ஆனா எப்படி அளந்தாரு? தையலுக்கு உள்பக்கமா அளப்பாங்கல்ல, அப்படி. கடைக்காரன் ஓட்டையோட நடுவுலேர்ந்து நடுவுக்குச் சொல்றான், இவரு விளிம்புலேர்ந்து விளிம்புக்கு அளந்துட்டு வந்து நிக்கிறாரு. வீட்டுல வந்து மாட்டுனா ஒரு நட்டு ஏறுது, எதுத்தாப்புல இருக்குறது ஏற மாட்டேங்குது. இவரு காலால உதைக்கிறாரு. "கொஞ்சம் இழுத்துப் புடிச்சா வந்துடும்"ங்கறாரு. துணின்னா இழுத்தா வரும் தம்பி. இரும்பு வருமா? போய்த் திருப்பிக் குடுத்துட்டு வந்தோம்.

ரெண்டாவது செட்டு. இந்தத் தடவ நடுவுலேர்ந்து நடு அளந்தாரு, நாலு நட்டும் வெண்ணெயா ஏறுச்சு. எனக்கும் சந்தோஷம். வண்டிக்குப் பின்னால போய் நின்னு பாக்கறேன், சக்கரமெல்லாம் மட்கார்டத் தாண்டி வெளிய நிக்குது. பழைய ரிம்முல சக்கரம் எவ்ளோ உள்ள போய் உக்காந்துச்சோ அதே அளவு இதுலயும் உக்காரணுமாமே. அதுக்கு ஒரு தனி அளவு இருக்காம், ரிம்மு உள்பக்கத்துலயே குத்தியிருப்பாங்களாம், ஆஃப்செட்டுன்னு டயர் கடைக்காரரு சொன்னாரு. இவரு உள்பக்கத்தப் பாக்கவே இல்ல. சட்டைய வாங்குனா உள்ள திருப்பித் தையலப் பாப்பாரு, ரிம்மத் திருப்பல. தெருமுனைல வண்டி திரும்புனா டயரு மட்கார்டுல ஒரசி கர்ருங்குது. இவரு கத்தரி... ஆமா தம்பி, தகரம் வெட்டுற கத்தரி வாங்கிட்டு வர்றேன்னு கெளம்பிட்டாரு. "ஓரத்தக் கொஞ்சம் பிரிச்சு விட்டா சரியாப் போயிடும்"னு. மாமியார் வாங்குன வண்டிய நீங்க பிரிச்சு விடுங்க, அவங்க வந்து உங்களப் பிரிச்சு விடுவாங்கன்னு சொன்னேன். அப்புறந்தான் கத்தரி ஆச அடங்குச்சு.

என்ன, பின்பக்கம் ஏதோ சத்தம் கேட்டுச்சா? பூனையா இருக்கும். இங்கயே பாருங்க, கழுத்து திருப்புனா காலரு கோணிக்குது.

மூணாவது செட்டுதான் தம்பி இப்ப எங்க உசுர எடுக்குறது. ஓட்ட சரி, எடவெளி சரி, உள்ள உக்கார்றதும் சரி. இவரு இந்தத் தடவ ரிம்ம எல்லாப் பக்கமும் திருப்பி, மோந்துகூடப் பாத்தாராம். ஆனா ரிம்முக்கு நட்டநடுவுல பெருசா ஒரு ஓட்ட இருக்குமே, வண்டி அச்சுலேர்ந்து மொட்டு மாதிரி நீட்டிக்கிட்டு நிக்கிறது அதுக்குள்ள போய் உக்காரும். அங்கதான் சனியன் புடிச்சுது. கடைல ரெண்டு செட்டு இருந்துருக்கு. ஒண்ணு கச்சிதமா உக்காருது. இன்னொண்ணு கொஞ்சம் பெருசு, விரல் நகம் நுழையிற அளவுக்குச் சந்து. இதுல எத எடுப்பீங்க நீங்க? கச்சிதமானதத்தான எடுப்பீங்க? இவரு பெருசா இருக்குறத எடுத்தாரு. ஏன்னு கேட்டதுக்குச் சொல்றாரு, "புடிச்ச மாதிரி இருந்தா மூச்சு முட்டும், கொஞ்சம் லூஸ் விடறதுதான் நல்லது, பின்னாடி சௌகரியமா இருக்கும்"னு. வளர்ற புள்ளைக்கு ட்ரவுசர் தைக்கிறாரா இவரு? வண்டி வளருமா தம்பி? இருக்குற வயசுக்கு இன்னும் சுருங்கத்தான் செய்யும்!

இதுல பெரிய கூத்து என்னன்னா, மாட்டுனதும் நல்லா இருந்துச்சு. நம்ம தெருவுல ஓட்டுனா ஆடல, தெருமுனைல ஒரசல. இவருக்குத் தல கால் புரியல. அன்னைக்கே பழைய இரும்புக்காரரு அந்தப் பக்கமா வர, நெளிஞ்ச ரிம்மு நாலையும் தூக்கிக் குடுத்துட்டாரு. டிக்கில கெடந்த அஞ்சாவதையும் சேத்துக் குடுத்துட்டாரு, புது அழகுக்கு அது பொருந்தலையாம். மறுநாளு பெரிய ரோட்டுல வேகம் புடிச்சதும் ஸ்டீரிங்கு ஆட ஆரம்பிச்சுது. பின்சீட்டுல நானு... பல்லோட பல்லு அடிக்குது. பேசவே முடியல. நானே பேச முடியலன்னா பாத்துக்குங்க.

டயர் கடைக்காரரு சக்கரத்தச் சுத்திச் சுத்தி எடையெல்லாம் சரி பண்ணுனாரு. நிக்கல. அப்புறம் கழட்டிப் பாத்துட்டு இவரையே உத்துப் பாக்கறாரு. நட்டு புடிச்சுக்கத்தானாம், சக்கரத்த நடுவுல நிறுத்துறது அந்த நடு ஓட்டதானாம். அது லூசா இருந்தா மயிரிழை அந்தப் பக்கம் இந்தப் பக்கம் போய் உக்காரும், மெதுவாப் போனாத் தெரியாது, வேகத்துல ஆட்டிடுமாம். சந்த அடைக்க வளையம் இருக்காம். வரவழைச்சாத்தான் உண்டாம், வர அடுத்த வாரம் ஆகுமாம். இவரு சும்மா இருந்தாரா? "வளையந்தான, நானே செஞ்சுடறேன்"னு காலருக்குள்ள வைக்கிற கேன்வாஸ வெட்டிச் சுத்திக்கிட்டு வந்து நிக்கிறாரு. டயர் கடைக்காரரு தூணுல தலைய முட்டிக்கிட்டாரு.

சிரிக்கிறீங்க. சிரிங்க சிரிங்க. சிரிச்ச மொகத்தோட இருந்தீங்கன்னாத்தான் எனக்கும் சொல்ல வசதி.

நேத்து மத்தியானம் உக்காந்து யோசிச்சேன். வளையம் அடுத்த வாரம், அத்த நாளைக்கு. பழைய ரிம்மு போன எடம் தெரியல. அந்தப் படகுக்காரி வேற காலைலயே ஆஸ்பத்திரி வாசல்ல வந்து நிப்பா. அப்ப ஒருத்தரு ஒரு சட்டைய எடுத்துட்டு வந்து, "இது எனக்குச் சரியா இருக்கு, இதே மாதிரி தச்சுடுங்க"ன்னு வச்சுட்டுப் போனாரு. அளவுச் சட்ட. எங்க தொழில்ல அதுதான் தெய்வம். டேப்பு பொய் சொல்லும், அளவுச் சட்ட சொல்லாது. அந்தச் சட்டையக் கைல வச்சுக்கிட்டே ஜன்னல் வழியா பின்பக்கம் பாக்கறேன், எங்க வண்டிக்குப் பக்கத்துல நிக்குது. அதே வண்டி, அதே வருஷம், நெறம் மட்டும் வேற. நாலு சக்கரத்துலயும் கம்பெனி போட்ட ரிம்மு, ஒரு நெளிவு கெடையாது. நீங்க குடிவந்த அன்னைக்கே இவரு அதப் பாத்துட்டு ஊசியக் கீழ போட்டாரு தம்பி. எங்க வண்டியும் உங்க வண்டியும் ஒரே வயித்துல பொறந்ததுங்க.

கேக்கத்தான் வந்தோம். சத்தியமா கேக்கத்தான் வந்தோம். நேத்து சாயங்காலம் நான் ஒரு தடவ கதவத் தட்டுனேன், இவரு ஒரு தடவ தட்டுனாரு. நீங்க காதுல எதையோ மாட்டிக்கிட்டு யாருகிட்டயோ பேசிக்கிட்டு இருந்தீங்க. ஆபீசு விஷயமா இருக்கும், நடுவுல பூந்தா மரியாதையா இருக்காதுன்னு எறங்கிட்டோம். அடுத்தவங்க வேலையக் கெடுக்குற பழக்கமே எங்களுக்குக் கெடையாது.

அசையாதீங்க! ஊசி இருக்கு... ம். இப்ப வெளிய எடுத்துட்டேன். நூலக் கடிச்சுக்கறேன், கொஞ்சம் கிட்ட வாங்க. முடிஞ்சுது. கார் சாவிய ஏன் இவ்ளோ இறுக்கிப் புடிச்சிருக்கீங்க? அது இப்போதைக்கு எதுக்கும்... சரி, சொல்லிடறேன். சக்கரம் நாலும் எங்க வண்டில இருக்கு. விடிஞ்சதும் டயர் கடைக்காரரு ஜாக்கியோட வந்தாரு. அவருகிட்ட நீங்க சரின்னு சொல்லிட்டதா நாந்தான் சொன்னேன், அவரத் திட்டாதீங்க. யோசனையும் என்னுதுதான், இவருக்கு இதெல்லாம் வராது. எங்க ஆடுற சக்கரத்த உங்க வண்டில மாட்டிடலாம்னுதான் இவரு சொன்னாரு, நாந்தான் வேணாம்னேன். நீங்க தெரியாம அத எடுத்துக்கிட்டு வேகமாப் போய் ஏதாவது ஒண்ணு ஆச்சுன்னா? எனக்கு மனசாட்சி இருக்குல்ல. அதனால செங்கல் வச்சு நிறுத்தியிருக்கோம்.

தம்பி... தம்பி, ஓடாதீங்க, பின்பக்கம் தர ஈரமா இருக்கும். இருங்க நானும் வர்றேன். பாத்தீங்களா, எவ்ளோ கச்சிதமா நிக்குது! நாலு பக்கமும் ஒரே ஒசரம், டயர் கடைக்காரரு ரசமட்டம் வச்சுப் பாத்துட்டுத்தான் விட்டாரு. நட்டெல்லாம் ஒரு டப்பாவுல போட்டு மூடி வச்சிருக்கேன், ஒண்ணும் தொலையாது. அப்படித் தலைல கைய வைக்காதீங்க, பாக்க ஒரு மாதிரி இருக்கு.

திட்டணும்னா திட்டிடுங்க. வாயத் தொறந்து தொறந்து மூடுறீங்களே, அதப் பாக்கத்தான் எனக்குக் கஷ்டமா இருக்கு. நல்லா வளத்துருக்காங்க உங்கள. எங்க மாமியாரா இருந்தா இந்நேரம் தெருவே கூடியிருக்கும். உங்க மேலதிகாரி நம்பரக் குடுங்க, நானே பேசறேன். என்ன சொல்றதா? உள்ளதச் சொல்றேன், வண்டில சக்கரம் இல்லன்னு சொல்றேன். அவரு நம்பலன்னா அதுக்கு நான் என்ன பண்ண முடியும்?

இருங்க. ஃபோன் வருது. இவருதான்.

ஆங், சொல்லுங்க... சின்னவரு ஏறுனாரா? பெரிய ரோட்டுக்குப் போனீங்களா? எவ்ளோ வேகம்? அவரு வாயால சொன்னாரா? அத்தைகிட்டயே சொன்னாரா?... அவ மொகம் எப்படி இருந்துச்சு? சரி சரி, அத அப்புறம் சொல்லுங்க, வெவரமா சொல்லணும்... வாங்க, மெதுவா வாங்க... ஆமா, மாடித் தம்பி இங்கதான் நிக்கிறாரு. தெரியும். இப்பத்தான் சொன்னேன். நல்லாத்தான் இருக்காரு.

தம்பி, ஆடலையாம். கொழுந்தனாரே ஒத்துக்கிட்டாராம், புது வண்டி மாதிரி போகுதுன்னு. தெருமுனைக்கு வந்துட்டாங்களாம். பாருங்க, எனக்குக் கண்ணுல தண்ணி வந்துடுச்சு... சிரிக்காதீங்க. சிரிக்கலையா, சரி.

அதோ, அதோ வருது பாருங்க. உங்க சக்கரம் எங்க வண்டிக்கு என்னமா பொருந்தியிருக்கு! ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேன் தம்பி. பேச வேண்டியது நெறைய இருக்குன்னு தெரியும், எல்லாத்தையும் சாயங்காலம் பேசிக்குவோம். இப்ப அவங்க முன்னாடி மட்டும் ஒண்ணும் வேணாம். ஆபரேஷன் பண்ணுன ஒடம்பு.

வாங்கத்த, வாங்க... மெதுவா, காலக் கீழ வைங்க. ஆடல இல்ல? எனக்குத் தெரியும், ஆடாதுன்னு. யாரு இதுன்னா? மாடிக்குப் புதுசா குடிவந்திருக்காருத்த, ஃபோன்ல சொன்னேனே. நீங்க அலுங்காம குலுங்காம வரணும்னு அவரு வண்டியச் செங்கல்லு மேல ஏத்திட்டு நாலு சக்கரத்தையும் நம்மளுக்குக் கழட்டிக் குடுத்துட்டாருத்த. நாங்க கேக்கக்கூட இல்ல.

பாத்தீங்களா தம்பி, கும்பிடுறாங்க. அவங்க அவ்ளோ லேசுல யாரையும் கும்பிட மாட்டாங்க. என்ன அப்படியே நிக்கிறீங்க? பைய அங்க வச்சுட்டு, அத்தைய அந்தப் பக்கமாத் தாங்கிப் புடிங்க.